நந்தியாவட்டைப் பட்டையில் ஒரு வலி நிவாரணி

நந்தியாவட்டையை அறியாத கமக்காரக் குடும்பம் எம்மிடையே இருக்க முடியாது. வளவின் வேலியோரத்திலும் கிணற்றடியிலும் கோயில் வீதியிலும் நிற்கும் சிறு மரம் அது. பச்சை இலைகளுக்கிடையே காற்றாடி போன்று ஐந்து இதழ்களுடன் வெள்ளைப் பூ பூக்கும். அடுக்குப் பூ பூக்கும் இனமும் உண்டு. கொப்பை முறித்தால் பால் வடியும். சிங்கள மக்கள் இதனை ‘வத்துசுத்த’ என்பர். தாவரவியலாளர் இட்ட பெயர் தபெர்னேமொன்டானா டைவரிக்காட்டா.

நாட்டு வைத்தியத்தில் இதன் பூ கண் நோய்களுக்கும், வேர் பல்வலிக்கும் பயன்பட்டு வந்துள்ளது. இம்மரத்தின் பட்டையிலுள்ள கொனோலிடின் என்னும் பொருளைப் பற்றி இன்று பல நாடுகளின் ஆய்வுகூடங்கள் ஆராய்ந்து வருகின்றன. அபின் வகையைச் சேராத, ஆயினும் கடும் வலியைத் தணிக்கக்கூடிய ஒரு மருந்து இதன் வழியாகக் கிடைக்கலாம் என்பது ஆய்வாளரின் எதிர்பார்ப்பு.

இது நல்ல செய்தி. ஆனால் அரைகுறையாகக் கேட்டால் ஆபத்தான செய்தியும் கூட. “முற்றத்து மரத்திலேயே மருந்து இருக்கிறதாம், அவித்துக் குடிப்போம்” என்று எவரும் புறப்பட்டுவிடக் கூடாது. ஆகவே இதனைச் சற்று விளக்கமாகப் பார்ப்போம்.

வலியும் அபினும்

வலி எமக்குப் புதிதல்ல. நாற்று நட்டுக் குனிந்த இடுப்பு, தண்ணீரும் விறகும் சுமந்த தோள், மூட்டை முடிச்சுகளோடு இடம் இடமாக மாறிய முதுகு, உடலில் தங்கிவிட்ட எறிகணைச் சிதறல் என்று வலிக்குப் பல முகங்கள். மிதிவெடியில் காலை இழந்த ஒருவருக்கு இல்லாத அந்தக் கால் இரவில் எரிவதும் உண்டு. இது மனப்பிரமை அல்ல. நரம்பில் உண்டாகும் உண்மையான வலி.

கடும் வலிக்கு மனிதன் கண்ட மிகப் பழைய மருந்து கசகசாச் செடியின் பாலாகிய அபின். 1805ஆம் ஆண்டளவில் ஜேர்மனியைச் சேர்ந்த செர்தூர்னர் என்னும் இளம் மருந்தாளர் அபினிலிருந்து மோர்பீனைப் பிரித்தெடுத்தார். செடிகளிலிருந்து இவ்வாறு பெறப்படும், நைதரசன் கொண்ட, உடலில் வலுவான தாக்கத்தை ஏற்படுத்தும் பொருட்களை அல்கலோயிட் என்பர். தேயிலையிலும் கோப்பியிலும் உள்ள கபீன், புகையிலையில் உள்ள நிக்கொட்டின் ஆகியனவும் இவ்வினத்தவையே.

சத்திரசிகிச்சைக்குப் பின்னும் புற்றுநோயின் கடைசிக் காலத்திலும் மோர்பீனுக்கு நிகரான மருந்துகள் சிலவே. ஆனால் அளவு மீறினால் அது மூச்சை அடக்கிவிடும். மலச்சிக்கலை உண்டாக்கும். நீண்டகாலம் தவறாகப் பாவித்தால் உடல் அதற்கு அடிமையாகும். ஐக்கிய அமெரிக்காவில் 2021ஆம் ஆண்டில் மட்டும் 80,000க்கும் அதிகமானோர் அபின் வகைப் பொருட்களின் மிகை அளவால் இறந்தனர்.

மறுபுறத்தில், தேவையானவருக்கு இம்மருந்து கிடைப்பதில்லை. உலகில் ஓர் ஆண்டில் மோர்பீன் அளவில் கணக்கிட்டு ஏறத்தாழ 298 தொன் அபின் வகை மருந்துகள் விநியோகமாகும்போது, மிக வறிய நாடுகளுக்குச் சென்றது 0.1 தொன் மட்டுமே என்று ‘லான்செட்’ மருத்துவ இதழின் ஆணைக்குழு 2017இல் கணக்கிட்டது. ஓரிடத்தில் வெள்ளம், மற்றோரிடத்தில் வரட்சி. அடிமைப்படுத்தாத, மூச்சை அடக்காத ஒரு வலி நிவாரணி கிடைக்குமானால் அதனால் கூடுதலாகப் பயனடைவோர் வறிய மக்களே.

பட்டையில் கண்டது என்ன?

2004ஆம் ஆண்டில் மலேசியாவில் பேராசிரியர் கம் தோ செயோக்கும் அவரது குழுவினரும் நந்தியாவட்டையின் தண்டுப் பட்டையில் கொனோலிடினைக் கண்டறிந்து வெளியிட்டனர். பட்டையில் அது இருந்த அளவு நூற்றுக்கு 0.00014 வீதம். அதாவது 1 கிலோ பட்டையிலிருந்து கிடைப்பது 1.4 மில்லிகிராம் மட்டுமே. 1,000 கிலோ பட்டையை உரித்தாலும் ஒன்றரைக் கிராம் தேறாது. இவ்வளவு சொற்பமான பொருளை வைத்து ஆய்வு நடத்த முடியவில்லை.

2011இல் அமெரிக்காவின் புளோரிடாவிலுள்ள ஸ்கிரிப்ஸ் ஆராய்ச்சி நிறுவனத்தில் கிளென் மிக்காலிசியோ குழுவினர் ஆய்வுகூடத்திலேயே 9 படிமுறைகளில் கொனோலிடினை உருவாக்கினர். அங்கேயே லோரா போன் குழுவினர் அதனைச் சுண்டெலிகளுக்குக் கொடுத்துப் பார்த்தனர். எரிச்சலூட்டும் இரசாயனத்தால் உண்டான வலி குறைந்தது. மோர்பீன் பெற்ற சுண்டெலிகள் நிலைகொள்ளாமல் ஓடித் திரிவதுண்டு. கொனோலிடின் பெற்றவற்றின் நடமாட்டத்தில் மாற்றம் இல்லை. மோர்பீன் போய் ஒட்டும் இடங்களில் கொனோலிடின் ஒட்டவுமில்லை. அப்படியானால் அது எவ்வாறு வலியைக் குறைத்தது? இக்கேள்விக்கு ஒரு விடை கிடைக்கப் பத்து ஆண்டுகள் சென்றன.

வரம்பில் நண்டு வளை

எமது உடலே வலி நிவாரணிகளைச் சுரக்கிறது. 1975இல் ஸ்கொட்லாந்தின் அபர்டீன் நகரில் ஹியூஸ், கொஸ்டர்லிட்ஸ் என்னும் இருவர் இவற்றில் முதலாவதைக் கண்டறிந்தனர். காயப்பட்டவர் சில வேளைகளில் ஓடித் தப்பும்வரை வலியை உணராதிருப்பதற்கு இவையும் ஒரு காரணம்.

இப்பொருட்களை வயலில் நிற்கும் நீராக எண்ணிக்கொள்வோம். வரம்பில் நண்டு வளை இருந்தால் என்ன நடக்கும்? பாய்ச்சிய நீர் இரவோடிரவாக வடிந்து பயிர் வாடும். உடலிலும் இத்தகைய ‘வளை’ ஒன்று உண்டு. ஏ.சி.கே.ஆர்.3 எனப்படும் இப்புரதம், உடல் சுரக்கும் வலி நிவாரணிகளைப் பிடித்து அகற்றிவிடுகிறது. லக்சம்பேர்க் நாட்டின் சுகாதார ஆய்வு நிறுவகத்தினர் இதனை 2020இல் வெளியிட்டனர். அடுத்த ஆண்டில் அவர்களே, கொனோலிடின் இப்புரதத்தில் போய் ஒட்டுகிறது என்றும், அப்போது உடலின் சொந்த வலி நிவாரணிகள் அகற்றப்படாமல் நின்று வேலை செய்கின்றன என்றும் காட்டினர்.

மோர்பீன் கொடுப்பது, வெளியிலிருந்து பம்ப் வைத்து வயலுக்கு நீர் இறைப்பது போன்றது. கவனம் தவறினால் பயிர் மூழ்கும். கொனோலிடின் செய்வதோ வளையை அடைப்பது. இருக்கின்ற நீரை இருக்கவிடுவது. இவ்வழியில் மூச்சடக்கமும் அடிமைத்தனமும் குறைவாக இருக்கலாம் என ஆய்வாளர் எதிர்பார்ப்பது இதனாலேயே. கொனோலிடினை ஓரளவு மாற்றி அதனிலும் வலுவான பொருட்களை ஆக்கும் முயற்சிகளும் நடந்துள்ளன. யப்பானிய மருந்துக் கம்பனி ஒன்றின் ஆய்வாளரும் இதில் ஈடுபட்டனர்.

ஆயினும் இது இன்னும் மருந்தாகவில்லை. இதுவரை கூறப்பட்டவை கலங்களிலும் சுண்டெலிகளிலும் கண்டவை. சுண்டெலியில் பலன் தந்து மனிதரில் தோற்ற மருந்துகள் ஏராளம். மனிதருக்கு எவ்வளவு கொடுக்கலாம், ஈரலுக்கும் இருதயத்துக்கும் என்ன செய்யும், கருவுற்ற தாய்க்கு ஆகுமா என்பனவெல்லாம் படிப்படியாகச் சோதித்து அறியப்பட வேண்டியவை. அபின் வகையைச் சேராத வலி மருந்து என்பது வீண் கனவல்ல. 2025 ஜனவரியில் சுசெட்ரிஜின் என்னும் அத்தகைய மருந்து ஒன்றை அமெரிக்கா அங்கீகரித்தது. அது வேறு வழியில், வலியைக் கடத்தும் நரம்பிலேயே வேலை செய்வது. கொனோலிடின் அந்த நிலையை எட்டவில்லை.

ஏன் அவித்துக் குடிக்கக் கூடாது?

முதலாவது காரணம் மேலே சொன்ன கணக்கு. ஒரு பிடி பட்டையில் உள்ள கொனோலிடின் கண்ணுக்கும் தெரியாத அளவு. அதனால் வலி குறையுமென எண்ண இடமில்லை.

இரண்டாவது காரணம் பெரியது. இம்மரத்தில் 60க்கும் மேற்பட்ட அல்கலோயிட்கள் உள்ளன. பட்டையை அவித்தால் அவை யாவும் கலந்தே இறங்கும். வேரில் உள்ள சில, நரம்பு தசைக்கு அனுப்பும் செய்தியை உரிய வேளையில் நிறுத்தும் நொதியத்தைத் தடை செய்கின்றன. தோட்டத்துக்கு அடிக்கும் ஒகனோபொசுபேற்றுப் பீடைநாசினிகள் தாக்குவதும் இதே நொதியத்தைத்தான். நாசினி அடித்தபின் தலைசுற்றி, வாயூறி, மூச்சு முட்டியவர்களைக் கண்டவர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டியதில்லை.

மூன்றாவதாக, இதன் உறவுகளையும் நினைத்துப் பார்க்க வேண்டும். பால் வடியும் அலரியும் மஞ்சள் அலரியும் இதே குடும்பத்தவை. எமது காடுகளில் வளரும் ‘திவிகதுரு’ இதன் நெருங்கிய இனம். ஏவாள் உண்ட விலக்கப்பட்ட கனி அதுவே என்று இந்நாட்டில் ஒரு பழங்கதை உண்டு. அதன் கனி நஞ்சு.

இக்குடும்பம் உயிர் காத்ததும் உண்டு. சுடலையடியிலும் பூக்கும் பட்டிப்பூவின் இலையிலிருந்து பெறப்பட்ட வின்கிறிஸ்டின், 1963இல் அமெரிக்காவில் மருந்தாக அங்கீகரிக்கப்பட்டது. பிள்ளைகளின் இரத்தப் புற்றுநோய்க்கு இன்றும் அது கொடுக்கப்படுகிறது. ஆனால் எந்த வைத்தியரும் பட்டிப்பூவை அவித்துக் கொடுப்பதில்லை. பிரித்து, சுத்திகரித்து, மில்லிகிராமில் அளந்து, நாளத்தில் மட்டுமே ஏற்றுவர். செடிக்கும் மருந்துக்கும் இடையில் உள்ள தூரம் இதுவே.

இன்னும் இரண்டு எச்சரிக்கைகள். கொனோலிடின் என்ற பெயரில் துளி மருந்துகள் இணையத்தில் விற்பனையாகின்றன. அவை மருந்தாக அங்கீகரிக்கப்பட்டவை அல்ல. அடுத்து, “நந்தியாவட்டை நடுங்கள், பட்டையை நல்ல விலைக்கு வாங்குவோம்” என்று யாராவது வந்தால், காணியையும் காசையும் ஈடுவைக்க முன் நன்கு யோசியுங்கள். மரம் இல்லாமலே ஆய்வுகூடத்தில் இதனை ஆக்கும் வழி 2011இலேயே கிடைத்துவிட்டது.

இன்றைய வலிக்கு இன்றைய வழி

வருங்கால மருந்துக்காக இன்றைய வலியைப் பொறுத்திருக்க வேண்டியதில்லை. பின்வருவனவற்றை வீட்டில் எல்லோரும் அறிந்திருத்தல் நன்று.

1. பரசிற்றமோல் (பனடோல்) 500 மில்லிகிராம் குளிசை, வளர்ந்தவருக்கு ஒரு தடவையில் இரண்டுக்கு மேற்படக் கூடாது. குறைந்தது 4 மணித்தியால இடைவெளி வேண்டும். 24 மணித்தியாலத்தில் எட்டுக்கு மேற்படக் கூடாது. மெலிந்தவரும் ஈரல் நோயாளரும் மது அருந்துபவரும் இதனிலும் குறைவாகவே எடுக்க வேண்டும். அளவை வைத்தியரிடம் கேளுங்கள். தடிமன் மருந்துகளிலும் பரசிற்றமோல் கலந்திருக்கலாம். அதையும் கணக்கில் சேருங்கள். பிள்ளைகளுக்கு நிறையின்படி வைத்தியர் சொல்லும் அளவே.

2. டைக்குளோபெனக் போன்ற குளிசைகளைக் கடையில் வாங்கி நாட்கணக்கில் விழுங்க வேண்டாம். அவை இரைப்பையைப் புண்ணாக்கும், சிறுநீரகத்தைப் பாதிக்கும். சிறுநீரக நோய் பரவியுள்ள வரண்ட வலயத்தில் வாழ்வோர் இதில் இரட்டிப்புக் கவனம் எடுக்க வேண்டும்.

3. எரிவு, மின்சாரம் பாய்வது போன்ற குத்து, இழந்த அவயவத்தில் வலி ஆகியன நரம்பு வலிகள். இவற்றுக்குப் பரசிற்றமோல் பெரும்பாலும் உதவாது. வேறு மருந்துகள் உண்டு. “நோகுது” என்று மட்டும் சொல்லாது, எப்படி நோகிறது, எந்நேரம் நோகிறது, நித்திரை கெடுகிறதா என்று வைத்தியரிடம் விபரமாகக் கூறுங்கள்.

4. முதுகு வலியோடு கால் விறைத்தாலோ, சிறுநீர், மலம் கட்டுப்பாடின்றிப் போனாலோ அன்றைக்கே வைத்தியசாலைக்குச் செல்லுங்கள்.

5. புற்றுநோயாளருக்கு வைத்தியர் மோர்பீன் எழுதினால் அஞ்சி மறுக்க வேண்டாம். சரியான அளவில், கண்காணிப்புடன் கொடுக்கப்படும் மோர்பீன் நோயாளியை வலியின்றி இருக்கச் செய்வதற்கே. குளிசைகளைப் பிள்ளைகளுக்கு எட்டாதவாறு பூட்டி வையுங்கள்.

6. இருப்பிடம் மாறும்போது கிளினிக் கொப்பியை அடையாள அட்டையோடு சேர்த்து எடுத்துச் செல்லுங்கள். புதிய இடத்து வைத்தியர், விட்ட இடத்திலிருந்து தொடர அது உதவும்.

நந்தியாவட்டை வேலியில் நிற்கட்டும். பூவைப் பறியுங்கள், பட்டையை உரிக்க வேண்டாம். அதிலிருந்து மருந்து பிறக்குமானால், அளந்த குளிசையாக வைத்தியர் கையிலிருந்தே அது எம்மை வந்தடைய வேண்டும்.