கமிஷனர் வரும் நாளில் வயலில் நில்லுங்கள்

வரப்புத் தகராறு கோர்ட்டுக்குப் போனால் இரு தரப்பும் முதலில் நீட்டுவது பத்திரத்தைத்தான். 'கிழக்கே இன்னார் புஞ்சை' என்று அதில் இருக்கும். அந்தப் புஞ்சையின் ஓரம் இன்று எங்கே இருக்கிறது என்பது அதில் இராது. சாட்சிகளும் ஆளுக்கொரு இடத்தைக் கை காட்டுவார்கள். இந்தக் குழப்பத்தைத் தீர்க்கத்தான் 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டம், 26-ஆம் கட்டளை 9-ஆம் விதியில், இடத்தை நேரில் பார்த்து அறிக்கை தர ஓர் ஆணையரை நியமிக்கும் அதிகாரத்தைக் கோர்ட்டுக்குக் கொடுத்திருக்கிறது. நம் ஊர்களில் பெரும்பாலும் ஒரு வக்கீலே கமிஷனராக வருவார். எல்லை வழக்கென்றால் சர்வேயரும் உடன் வந்து, புலப்படத்தை வைத்துக் கல்லிலிருந்து கல்லுக்கு அளப்பார்.

கமிஷனர் கேட்டு மனுப் போடும்போதே பலர் சறுக்குகிறார்கள். 'நிலம் யார் அனுபவத்தில் இருக்கிறது என்று பார்த்துச் சொல்லட்டும்' என்று கேட்டால் மனு தள்ளுபடியாகவே வாய்ப்பு அதிகம். அனுபவத்தை நிரூபிப்பது கட்சிக்காரரின் பொறுப்பு. அதற்குச் சாட்சி திரட்டித் தருவது கமிஷனரின் வேலை இல்லை என்று உயர் நீதிமன்றங்கள் பலமுறை சொல்லிவிட்டன. சுவர் எங்கே நிற்கிறது, கிணறு எந்தச் சர்வே எண்ணில் விழுகிறது, பாதையின் அகலம் எவ்வளவு என்று கண்ணுக்குத் தெரிவதையும் அளக்க முடிவதையும் கேளுங்கள்.

கமிஷனர் வரும் நாளைச் சொல்லி நோட்டீஸ் வந்தும் வயலுக்குப் போகாமல் இருப்பது பெரிய ஆபத்து. நீங்கள் வராவிட்டாலும் அவர் அளந்துவிட்டுப் போகச் சட்டம் இடம் தருகிறது. பட்டா நகல், புலப்பட நகலோடு அங்கே இருங்கள். எதைக் குறிக்க வேண்டும் என்பதை வக்கீல் மூலம் எழுத்தில் கொடுங்கள். வாயால் சொன்னது அறிக்கையில் ஏறாமல் போனால் பிறகு காட்ட எதுவும் இருக்காது.

அறிக்கை தாக்கலானதும், 10-ஆம் விதிப்படி அது வழக்கின் சாட்சியமாகவே ஆகிவிடுகிறது. தீர்ப்பு ஆகிவிடுவதில்லை, நீதிபதி அதை மற்றச் சாட்சியங்களோடு எடைபோடுவார். அளவில் தவறிருந்தால் உடனே ஆட்சேபணை தாக்கல் செய்யுங்கள். கமிஷனரைக் கூண்டில் ஏற்றிக் கேள்வி கேட்க கோர்ட்டின் அனுமதி கோரலாம். கோர்ட்டுக்குத் திருப்தி இல்லையென்றால் மேற்கொண்டு விசாரணைக்கும் உத்தரவிடலாம். இதில் எதையும் செய்யாமல் தோற்றுவிட்டு, அப்பீலில் போய் 'அளந்ததே தப்பு' என்று சொல்பவர்களின் பேச்சு அங்கே எடுபடுவது கடினம். எனக்கு மிகவும் வருத்தம் தருவது இதுதான்: நியாயம் இருந்தும் ஒரு தாள் ஆட்சேபணை போடாததால் நிலம் கைவிட்டுப் போகிறது.

கீழ்க்கோர்ட்டில் கமிஷனரே வரவில்லை என்றால்? 107-ஆம் பிரிவு அப்பீல் கோர்ட்டுக்கும் அதே அதிகாரத்தைத் தருகிறது. ஆனால் அப்பீலில் புதுச் சாட்சியம் சேர்க்க 41-ஆம் கட்டளை 27-ஆம் விதியின் வாசல் குறுகலானது. கீழ்க்கோர்ட் ஏற்க வேண்டியதை மறுத்திருக்க வேண்டும். அல்லது உரிய முயற்சி எடுத்தும் அப்போது அது கிடைக்காமல் இருந்திருக்க வேண்டும். அல்லது தீர்ப்புச் சொல்ல அப்பீல் கோர்ட்டுக்கே அது தேவைப்பட வேண்டும். விட்ட ஓட்டையை அடைக்க இந்த விதி உதவாது. அதே சமயம், எல்லைதான் தகராறே என்னும்போது அளக்காமல் முடிவு சொல்வதும் சரியில்லை. ஹரியானா வக்ஃப் வாரியத்தின் வழக்கில் 2008-இல் உச்ச நீதிமன்றம், ஆணையர் கேட்ட மனுவை ஏற்று நிலத்தை அளந்திருக்க வேண்டும் என்றது. ஆகவே மனுப் போட்டு மறுக்கப்பட்டவருக்கு வழி இருக்கிறது: அந்த மறுப்பையே 105-ஆம் பிரிவின்படி அப்பீலில் ஒரு காரணமாக எழுதலாம். மனுவே போடாதவருக்கு அந்தப் பிடி இல்லை.

முதல் அப்பீலை மாவட்ட அளவிலான கோர்ட்டில் 30 நாளுக்குள்ளும், உயர் நீதிமன்றத்தில் 90 நாளுக்குள்ளும் போட வேண்டும். அளவு, எல்லை போன்ற விவரங்களை முழுதாக வாதாட அதுவே கடைசி இடம். இரண்டாம் அப்பீல் முக்கியமான சட்டக் கேள்வி இருந்தால்தான் நிற்கும்.

வக்கீல் கட்டணமும் கமிஷனர் செலவும் தயங்க வைத்தால் தாலுகா கோர்ட்டிலுள்ள வட்ட சட்டப் பணிகள் குழுவை அணுகுங்கள். பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கும், வருமானம் வரம்புக்குள் உள்ள மற்றவர்களுக்கும் இலவச சட்ட உதவி 1987-ஆம் ஆண்டுச் சட்டம் தந்த உரிமை.