பெர்லினைச் சுற்றிப் போன கால்வாய்

பெர்லின் நகரின் நடுவே ஓடுவது ஷ்பிரே ஆறு. 19-ஆம் நூற்றாண்டில் அந்த நகரம் மளமளவென வளர்ந்தபோது செங்கல், நிலக்கரி, மரம், தானியம் எல்லாம் பெருமளவு படகில்தான் வந்து இறங்கின. இவற்றோடு, பெர்லினில் எந்த வேலையும் இல்லாமல், கிழக்கே ஓடர் ஆற்றிலிருந்து மேற்கே எல்பே ஆற்றுக்குப் போகும் படகுகளும் ஊருக்குள் நுழைந்தே ஆகவேண்டியிருந்தது. நெரிசலைக் குறைக்க 1850-இல் லாண்ட்வேர் கால்வாயைத் திறந்தார்கள். 1880-களில் அதை அகலப்படுத்தியும் போதவில்லை. அதற்குள் நகரம் அதன் இரு கரையையும் தாண்டி வளர்ந்திருந்தது.

அடுத்த வழியைக் கண்டது பெர்லின் மாநகராட்சி அல்ல. தெற்கே இருந்த டெல்டோ மாவட்டம். அதன் நிர்வாகத் தலைவர் எர்ன்ஸ்ட் ஃபொன் ஷ்டூபன்ராவ்க்குக் கணக்கு தெளிவாக இருந்தது. படகுகள் தன் பக்கம் திரும்பினால் தொழிற்சாலைகளும் பின்னால் வரும், தாழ்வான பகுதிகளின் தண்ணீர் வடியவும் வழி பிறக்கும். 1900-இல் புதிய கால்வாய் வெட்டும் வேலை தொடங்கியது. 1906 ஜூன் மாதம் இரண்டாம் வில்ஹெல்ம் பேரரசர் அதைத் திறந்துவைத்தார். போட்ஸ்டாம் அருகே ஹாவெல் ஆற்றையும், கிழக்கே டாமே ஆற்றையும் இணைக்கும் சுமார் 38 கிலோமீட்டர் நீர்வழி இது.

இரண்டு ஆறுகளின் மட்டமும் ஒன்றல்ல. கிழக்குப் பக்கம் ஏறக்குறைய 3 மீட்டர் உயரம். இந்த வித்தியாசம் முழுவதையும் க்ளைன்மாக்னோ என்ற ஒரே இடத்தில் சமாளித்துவிட்டார்கள். அங்கே இரு முனையிலும் கதவு வைத்த நீண்ட தொட்டிக்குள் படகு நுழையும். கதவை அடைத்துத் தண்ணீரை ஏற்றினாலோ இறக்கினாலோ படகும் கூடவே ஏறும், இறங்கும். கதவுகள் பக்கவாட்டில் திறப்பவை அல்ல, மேலே தூக்கப்படுபவை.

எனக்கு இதைவிடப் பிடித்தது படகுகளை நகர்த்திய முறை. நீராவி இழுவைப் படகின் சுழலி கிளப்பும் அலை மண் கரையை அரித்துவிடும். எனவே இரு கரையிலும் தண்டவாளம் போட்டு, மேலே மின்கம்பி இழுத்து, சீமென்ஸ் செய்த மின்சார எஞ்சின்களால் சரக்குப் படகுகளைக் கயிறு கட்டி இழுத்தார்கள். கரையில் கட்டியிருக்கும் படகுகளில் கயிறு சிக்காதிருக்க, எஞ்சினிலிருந்த தூக்குக் கம்பம் அதை உயர்த்திப் பிடிக்கும். இதற்கென்றே தனி மின்நிலையமும் கட்டினார்கள். குதிரையும் மனிதரும் இழுத்த பழைய உத்திதான். புதிதாகச் சேர்ந்தது மின்சாரம்.

1920-இல் பெர்லின் எல்லை விரிந்தபோது கரையோர ஊர்கள் பலவும் மாநகருக்குள் வந்துவிட்டன. ஊரைத் தவிர்க்க வெட்டிய கால்வாய் ஊருக்குள்ளேயே ஓடலாயிற்று. 1945 ஏப்ரலில் தெற்கிலிருந்து வந்த சோவியத் படைக்கு இதுவே கடைசித் தடைகளில் ஒன்று. பாலங்கள் தகர்க்கப்பட்டன, மின்சார இழுவையும் அத்தோடு நின்றது. பிறகு நகரம் பிளவுபட்டது. கால்வாயின் சில பகுதிகளில் எல்லைக்கோடே தண்ணீரில் விழுந்தது, மேற்கு வாயில் மூடப்பட்டது. மேற்கிலிருந்து தெற்குத் துறைமுகங்களுக்கு வரும் படகுகள் மறுபடி நகரத்துக்குள் சுற்றி வந்தன. எந்தத் தொல்லைக்காகக் கால்வாய் வெட்டினார்களோ அதே தொல்லை, இம்முறை அரசியலின் உபயம். 1981 நவம்பரில்தான் அந்த வாயில் மீண்டும் திறந்தது.

பெர்லின் போகும் வாய்ப்பு கிடைத்தால், லிஷ்டர்ஃபெல்டே பகுதியில் எமில் ஷூல்ஸ் பாலத்தருகே வைத்திருக்கும் பழைய இழுவை எஞ்சினைப் பாருங்கள். படகுகளை ஏற்றி இறக்கும் க்ளைன்மாக்னோ மதகு இன்றும் வேலை செய்கிறது.