வீடியோ போட்டே குடும்பம் நடத்த முடியுமா? யூடியூப் ஒரு தொழிலானது எப்படி?

குலசேகரன்பட்டினம் முத்தாரம்மன் கோயில் தசராவில் காளி வேஷம் கட்டி ஆடும் பக்தர்கள் ஒரு பக்கம் என்றால், அதை செல்போனில் படம்பிடிக்கும் இளைஞர்கள் இன்னொரு பக்கம். 2024 பிப்ரவரி 28-ல் ராக்கெட் ஏவுதளத்துக்கு அடிக்கல் நாட்டப்பட்டதும், ஊரைப் பற்றிச் சொல்ல இன்னொரு கதையும் சேர்ந்துவிட்டது. சரி, இதை நம்பி வேலையை விட்டுடலாமா?

எப்போது தொடங்கியது?

2005-ல் உருவான யூடியூப், 2007-ல் விளம்பர வருமானத்தை வீடியோ போடுபவர்களுடன் பகிரத் தொடங்கியது. ஆனால் நம்மூர் கிராமங்களில் நிலைமை மாறியது 2016 செப்டம்பரில் ஜியோ வந்து டேட்டா விலை சரிந்த பிறகுதான். 2020 ஜூனில் டிக்டாக் தடை செய்யப்பட, அதே ஆண்டு செப்டம்பரில் யூடியூப் ஷார்ட்ஸ் முதலில் இந்தியாவில்தான் அறிமுகமானது.

ஜெயித்தது யார்?

புதுக்கோட்டை மாவட்டம் சின்னவீரமங்கலத்தில் ஒரு தாத்தாவும் பேரன்களும் 2018-ல் தொடங்கியது 'வில்லேஜ் குக்கிங் சேனல்'. 2021-ல் ஒரு கோடி சந்தாதாரர்களைத் தொட்ட முதல் தமிழ் யூடியூப் சேனல் இதுதான். அந்த வருமானத்தில் இருந்து முதல்வரின் நிவாரண நிதிக்கு 10 லட்சம் ரூபாய் கொடுத்தார்கள்.

காசு எப்படி வருகிறது?

விளம்பர வருமானம் முழுமையாகக் கிடைக்க 1,000 சந்தாதாரர்களும், ஓராண்டில் 4,000 மணி நேரப் பார்வையும் வேண்டும். அல்லது 90 நாட்களில் ஷார்ட்ஸ் ஒரு கோடி பார்வைகளைத் தொட வேண்டும். நீள வீடியோவில் ஓடும் விளம்பரத்தில் 100 ரூபாய் வந்தால், 55 ரூபாய் உங்களுக்கு. ஷார்ட்ஸில் படைப்பாளிகளுக்கு ஒதுக்கும் தொகையில் 45% மட்டுமே. இதுபோக, கடைகளும் நிறுவனங்களும் நேரடியாகத் தரும் விளம்பரம் தனி.

சிக்கல் எங்கே?

தசரா பத்து நாள்தான். அந்த வீடியோக்கள் எகிறினாலும், மீதி மாதங்களுக்கு என்ன போடுவது என்பதே உண்மையான கேள்வி. பண்டிகைக் காலத்தில் விளம்பரம் கூடும், பிறகு குறையும். வீடியோவில் சினிமா பாட்டைச் சேர்த்தால், வருமானம் பாட்டின் உரிமையாளருக்குப் போய்விடலாம். இந்த வருமானத்துக்கும் வரி உண்டு. ஆண்டு வரவு 20 லட்சம் ரூபாயைத் தாண்டினால் ஜிஎஸ்டி பதிவும் அவசியம்.

அப்போ என்ன செய்யலாம்?

கைவேலையை விடாமல் தொடங்குங்கள். மாதாமாதம் வரும் தொகையை ஓராண்டுக்கு எழுதி வையுங்கள். அதில் மிகக் குறைவாக வந்த மாதத்திலும் வீட்டுச் செலவு ஓடுமா? ஓடும் என்றால் மட்டும் வேலையை விடுவது பற்றி யோசிக்கலாம்.