போலீஸ் பிடித்த வண்டி துருப்பிடிக்க வேண்டுமா?

மும்பை: போலீஸ் நிலையங்களின் ஓரமாக வரிசையாகக் கிடக்கும் வண்டிகளை வாசகர்கள் பார்த்திருப்பார்கள். டயர் இறங்கி, சீட் கிழிந்து, மழையில் நனைந்து துருவேறிக் கிடக்கும் ஸ்கூட்டர்களும் டெம்போக்களும் அவை. அவற்றுள் ஒன்று நம்மவர் ஒருவரின் பிழைப்பாக இருக்கலாம். வண்டி ஓடாவிட்டாலும் மாதத் தவணை நிற்பதில்லை. "இன்று வா, நாளை வா" என்ற பதிலைக் கேட்டு அலைந்து, பலர் வேலையையும் கூலியையும் இழக்கிறார்கள். இதற்குச் சட்டத்தில் வழி உண்டு.

பிடித்தது யார்?

முதலில் இதைத் தெரிந்துகொள்ள வேண்டும். பதிவு, பெர்மிட், லைசென்ஸ் இல்லை என்று மோட்டார் வாகனச் சட்டம் 207-வது பிரிவின்படி பிடித்திருந்தால், உரிய ஆவணங்களுடன் போக்குவரத்து அதிகாரியிடம் மனுக் கொடுத்து விடுவிக்கக் கேட்கலாம். மனுவின் நகலில் தேதியுடன் கையெழுத்து வாங்க மறக்க வேண்டாம். தாமதத்தை நாளை நிரூபிக்க அந்தத் துண்டுக் காகிதம்தான் சாட்சி.

குற்ற வழக்கில் பிடித்திருந்தால் மாஜிஸ்திரேட் கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். 2024 ஜூலை 1 முதல் அமலில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497, 503 பிரிவுகள் இதற்கானவை. பழைய சட்டத்தில் இவை 451, 457 ஆக இருந்தன. பொருள் கோர்ட்டின் முன் வந்த 14 நாட்களுக்குள் அதன் விவரப் பட்டியல் தயாராக வேண்டும். படமும் எடுக்க வேண்டும். அதன்பின் 30 நாட்களுக்குள் கோர்ட்டு உத்தரவிட வேண்டும் என்று புதிய 497-வது பிரிவு கூறுகிறது.

சுப்ரீம் கோர்ட் சொன்னது

சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் 2002-ல் சுப்ரீம் கோர்ட் தெளிவாகச் சொல்லிவிட்டது: வண்டிகளை நெடுநாள் போலீஸ் நிலையத்தில் போட்டு வைப்பதால் யாருக்கும் பயனில்லை, தக்க பத்திரமும் ஜாமீனும் பெற்றுக்கொண்டு மாஜிஸ்திரேட் உடனே உத்தரவிட வேண்டும். பிடித்த பொருள் போலீஸ் நிலையத்தில் 15 நாள் முதல் ஒரு மாதத்துக்கு மேல் இருக்கக் கூடாது என்பதும் அத்தீர்ப்பில் உண்டு. மனுவில் இந்த வழக்கின் பெயரைக் குறிப்பிடுவது நல்லது.

விற்கக் கூடாது, உருமாற்றக் கூடாது, கேட்டபோது கொண்டுவர வேண்டும் என்று கோர்ட்டு நிபந்தனை போடலாம். கலால், வனச் சட்டம் போன்றவற்றில் பிடித்த வண்டிகளுக்குத் தனி நடைமுறை உண்டு.

உத்தரவுக்குப் பிறகும் இழுத்தடித்தால்?

அதே கோர்ட்டில் முறையிடலாம். அதிகாரி மனுவைக் கிடப்பில் போட்டால், அரசியல் சட்டம் 226-வது பிரிவின்படி ஹைகோர்ட்டில் ரிட் மனு போட்டு, கடமையைச் செய்யுமாறு ஆணை கேட்கலாம்.

வண்டியே போய்விட்டால்? 1947-ல் ஜூனாகத்தில் சுங்க அதிகாரிகள் ஒருவரின் இரண்டு லாரிகளையும் ஒரு ஸ்டேஷன் வேகனையும் பிடித்தனர். அப்பீல் முடியுமுன்பே கேட்பாரற்ற சொத்து என்று அவை விற்கப்பட்டன. பிடித்த பொருளைப் பாதுகாத்துத் திருப்பித் தருவது சர்க்காரின் கடமை, இல்லையேல் அதன் மதிப்பைத் தர வேண்டும் என்று 1967-ல் சுப்ரீம் கோர்ட் தீர்ப்பளித்தது.

நம்மவர் செய்யும் தவறு

பழைய வண்டியை வாங்கிவிட்டு, பெயரை மாற்றாமல் ஓட்டுவது நம்மவரிடையே சகஜம். ஆர்.சி. புத்தகத்தில் யார் பெயர் இருக்கிறதோ அவரிடமே வண்டியை ஒப்படைக்கக் கோர்ட்டுகள் பொதுவாக விரும்பும். விற்றவர் ஊருக்குப் போயிருந்தால் அவரைத் தேடி அலைய வேண்டியதுதான். வாங்கியவுடன் பெயர் மாற்றம் செய்துவிடுங்கள். இன்ஷூரன்ஸையும் புதுப்பித்து வையுங்கள்.

வக்கீலுக்குப் பணமில்லை என்று கவலைப்பட வேண்டாம். 1987-ஆம் ஆண்டு இலவசச் சட்ட உதவிச் சட்டப்படி பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், ஆலைத் தொழிலாளர், குறைந்த வருமானமுள்ளோர் ஆகியோருக்குச் செலவில்லாமல் வக்கீல் கிடைப்பார். மாவட்டக் கோர்ட்டிலுள்ள சட்ட உதவி அலுவலகத்தில் விசாரிக்கலாம். 15100 என்ற எண்ணுக்கும் போன் செய்யலாம்.

கெஞ்சிக்கொண்டு வாசலில் நிற்பதைவிட, ஒரு மனுவை எழுதிக் கொடுத்துக் கையெழுத்து வாங்குவது மேல்.