வேண்டாம் என்பவருக்கு வைத்தியம்

பேருந்து நிலையத்தில் நாள்கணக்கில் சாப்பிடாமல், காலில் புண் புழுத்த நிலையில், தனக்குத்தானே பேசிக்கொண்டு ஒருவர் கிடக்கிறார். மருத்துவமனைக்குக் கூப்பிட்டால் வர மறுக்கிறார். அவரைக் கட்டாயப்படுத்திக் கூட்டிப் போகலாமா? போகலாம். ஆனால் எதுவரை என்பதில் இந்தியச் சட்டம் கறாராக இருக்கிறது.

2018 மே மாதம் நடைமுறைக்கு வந்த மனநலப் பராமரிப்புச் சட்டப்படி, இப்படிப்பட்டவரைப் போலீசார் தங்கள் பாதுகாப்பில் எடுத்துக்கொள்ளலாம். லாக்கப்பில் வைக்கக் கூடாது. 24 மணி நேரத்துக்குள் அரசு மருத்துவமனைக்குக் கொண்டுபோக வேண்டும். மனநோய் உள்ள ஒருவரை வீட்டிலேயே கொடுமைப்படுத்துகிறார்கள், கவனிக்காமல் விட்டிருக்கிறார்கள் என்று தெரிந்தால், போலீசார் அதை மாஜிஸ்திரேட்டிடம் தெரிவிக்க வேண்டும். ஆளை நேரில் பார்க்கும் மாஜிஸ்திரேட், பரிசோதனைக்காக மனநல மருத்துவமனையில் சேர்க்க உத்தரவிடலாம். அதற்கு உச்சவரம்பு 10 நாள். பிறகு மருத்துவரின் அறிக்கை நீதிமன்றத்துக்கு வந்தாக வேண்டும்.

தூங்காத மகனோடு மாதக்கணக்கில் போராடும் தாய் கேட்பார்: “தனக்கு நோய் இருப்பதே தெரியாதவனிடம் போய்ச் சம்மதம் கேட்பதா?” நியாயமான கேள்விதான். சட்டமும் அதைத் தள்ளிவிடவில்லை. அண்மையில் தன்னையோ பிறரையோ தாக்க முற்பட்டவரையும், தன்னைப் பார்த்துக்கொள்ள முடியாமல் ஆபத்தான நிலைக்குப் போனவரையும், இருவர் தனித்தனியே பரிசோதித்த பின் அவர் சம்மதம் இல்லாமலும் சேர்க்க வழி வைத்திருக்கிறது. அந்த இருவரில் ஒருவர் மனநல மருத்துவராக இருக்க வேண்டும். ஆனால் இன்னொன்றையும் அழுத்திச் சொல்கிறது: ஒருவர் எடுத்த முடிவு நமக்குத் தவறாகப் படுகிறது என்பதற்காக, முடிவெடுக்கும் திறனே அவருக்கு இல்லை என்று சொல்லிவிட முடியாது. மாத்திரை கை நடுக்கத்தைத் தருகிறது, அதனால் வேண்டாம் என்பவர் புத்தி பேதலித்துப் பேசவில்லை. அவர் சொல்லும் காரணத்தை மருத்துவர் உட்கார்ந்து கேட்க வேண்டும்.

கட்டாயமே கூடாது என்போரின் அச்சம் எனக்குப் புரிகிறது. 2001 ஆகஸ்ட் 6 அன்று ஏர்வாடியில் நடந்ததை மறக்க முடியவில்லை. தனியார் காப்பகம் ஒன்றில் தீப்பிடித்தபோது, சங்கிலியால் கட்டப்பட்டிருந்தவர்களால் ஓட முடியவில்லை; 28 பேர் இறந்தார்கள். அங்கே இருந்ததும் கட்டாயம்தான், யாருக்கும் பதில் சொல்ல வேண்டியிராத கட்டாயம். ஆனால் காரணம் எழுதி, நாள் குறித்து, மேலே முறையிட இடம் விட்டுப் பிறப்பிக்கும் ஆணையை அதோடு ஒன்றாக வைத்துப் பேசுவது சரியில்லை.

சேர்க்க ஆணை இருக்கிறது என்பதால் உள்ளே எதுவும் செய்யலாம் என்றில்லை. சங்கிலி போடக் கூடாது. மயக்க மருந்து இல்லாமல் மின் அதிர்ச்சி சிகிச்சை தரக் கூடாது. எந்தச் சிகிச்சை வேண்டும், எது வேண்டாம் என்று தெளிவாக இருக்கும்போதே ஒருவர் எழுதி வைத்திருந்தால், அவசர சிகிச்சை தவிர மற்றதில் அதை மதிக்க வேண்டும். மருத்துவரோ உறவினரோ அதை மாற்ற நினைத்தால் மனநல மறுஆய்வு வாரியத்திடம் போக வேண்டும்.

இலவச சட்ட உதவி பெற இப்படி அழைத்துச் செல்லப்படுபவருக்கு உரிமை உண்டு. அதை அவரிடம் சொல்வது மாஜிஸ்திரேட், போலீஸ், மருத்துவ அதிகாரி எல்லாருடைய கடமை. சொல்லாமல் விட்டால், உடன் போகிறவர்கள் கேளுங்கள்.