கதைப் படங்களின் கதை – 6: தந்தையின் பிலிமும் மகனின் கம்பெனியும்

சினிமா சரித்திரம் எழுதுகிறவர்கள் நடிகரையும் டைரக்டரையும் விஸ்தாரமாகப் புகழ்ந்துவிட்டு, பணம் போட்ட மனிதரை ஒரே வாக்கியத்தில் வழியனுப்பிவிடுவது வழக்கம். சென்ற வாரம் நாம் கண்ட லோட்டே ரைனிகர் அம்மையாரின் விஷயத்தில் அப்படிச் செய்வது அநியாயமாகும். ஏனெனில் அவருடைய நிழலுருவப் படங்களுக்கு ஒரே குடும்பத்துத் தந்தையும் மகனும், முப்பது வருஷ இடைவெளியில், முதல் தந்திருக்கிறார்கள். இருவருக்கும் பெயர் லூயிஸ் ஹாகன் என்பதே.

தந்தை பாங்கர். ஜெர்மனியின் நாணயம் அதலபாதாளத்துக்குச் சரிந்துகொண்டிருந்த 1923-ஆம் வருஷத்தில், காகிதப் பணத்தை நம்பாமல் கச்சா பிலிமாக வாங்கி வைத்திருந்த அவர், அதை அம்மையாரிடம் கொடுத்து, சிறு துணுக்குகளோடு நின்றுவிடாமல் முழுநீளப் படமொன்று எடுக்கும்படி சொன்னார். பாட்ஸ்டாமில் அவர் வீட்டு மோட்டார் ஷெட்டின் மாடியே ஸ்டூடியோவாயிற்று. கறுப்பு அட்டையையும் மெல்லிய ஈயத் தகட்டையும் வெட்டி, மூட்டுகளைக் கம்பியால் இணைத்து, கீழே விளக்கெரியும் கண்ணாடி மேஜைமேல் உருவங்களைக் கிடத்தி, மயிரிழை நகர்த்தி ஒரு படம், மறுபடி நகர்த்தி மறு படம் என்று மூன்று வருஷம் அங்கே நடந்த வேலைக்குக் கணவர் கார்ல் கோக், வால்டர் ரூட்மன், பெர்த்தோல்ட் பார்ட்டோஷ் முதலியோர் துணை நின்றார்கள். அராபியக் கதைகளிலிருந்து பிறந்த ‘இளவரசர் ஆக்மெத்’ 1926 மே 2 அன்று பெர்லினில் திரையிடப்பட்டது. டிஸ்னியின் ‘ஸ்னோ வொயிட்’ வருவதற்குப் பதினோரு வருஷம் முந்தி! பணம் கொடுத்துவிட்டுப் பொறுமையாகவும் இருக்கத் தெரிந்த முதலாளி எக்காலத்திலும் அபூர்வமே.

அந்த மாடியில் நடந்த ஜாலத்தைப் பார்த்து வளர்ந்த மகன், 1934-ல், நாஜிகளைப் பரிகசித்துத் தபால் கார்டில் எழுதிய ஓர் அற்பத் துணுக்குக்காக லிக்டன்பர்க் சிறைமுகாமுக்குப் போனார். பள்ளித் தோழனின் தந்தையான நீதிபதி தலையிட்டு மீட்டார். இங்கிலாந்துக்குப் பெயர்ந்து, புனைபெயரில் பட்டாளத்தில் சேர்ந்து, 1944-ல் ஆர்ன்ஹெம் யுத்தத்தில் கிளைடர் விமானியாய்ப் போரிட்டுப் பதக்கமும் பெற்றார். இவ்வளவும் ஒரு நாவலுக்குப் போதும். நமக்கு வேண்டியது 1953. அவ்வருஷம் அவர் ‘பிரிம்ரோஸ் புரொடக்ஷன்ஸ்’ என்ற ஸ்தாபனத்தைத் துவக்கி, 1949-லேயே இங்கிலாந்து வந்து சேர்ந்திருந்த அம்மையாரை அழைத்து, டெலிவிஷனுக்காக ஏறக்குறையப் பத்து நிமிஷம் ஓடும் தேவதைக் கதைகளைத் தயாரிக்கலானார். சிண்டரெல்லா, தூங்கும் அழகி, தவளை இளவரசன், ஹான்ஸலும் கிரெட்டலும் என்று இரண்டு மூன்று வருஷத்துக்குள் ஒரு டஜனுக்கு மேல் வெளிவந்தன. அவற்றுள் வீரத் தையற்காரனின் கதை 1955-ல் வெனிஸ் விழாவில் பரிசு பெற்றது.

தந்தை ஒரு படத்துக்கு மூன்று வருஷம் கொடுத்தார். மகனோ அதே காலத்துக்குள் ஒரு டஜன் கேட்டார். சிற்ப நுட்பத்தில் ‘ஆக்மெத்’துக்கு இணையாக இவற்றில் ஒன்றையும் நான் சொல்லமாட்டேன். ஆயினும், புலம்பெயர்ந்த ஐம்பது வயதுக் கலைஞர் ஒருவர் கத்தரிக்கோலைக் கீழே வைக்காமல் இருந்ததற்கு மகனின் கம்பெனியே பெரிதும் காரணம்.

(தொடரும்)