கெட்டிச் சுவர் எதற்கு?

கொதிநீர் ஊற்றிலும் அமிலக் குட்டையிலும் வாழும் ஆர்க்கியா என்ற நுண்ணுயிர்களின் செல் சுவர் எவ்வளவு கெட்டியாக இருக்கும் என்று வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். கேள்விக்குள்ளேயே ஒரு முடிவு இருக்கிறது: கொடுமையான இடத்தில் குடியிருந்தால் கனமான மதில் இருந்தாக வேண்டும். 'அழிக்கவே முடியாத நுண்ணுயிர்', 'செவ்வாயிலும் பிழைக்கும்' என்று தலைப்பிடும் செய்திகள் வளர்த்துவிட்ட நினைப்பு இது. ஆதாரங்கள் வேறு கதை சொல்கின்றன. நிலக்கரிக் கழிவுக் குவியலில் கண்டெடுக்கப்பட்ட தெர்மோபிளாஸ்மா அசிடோஃபிலம், சுமார் 59 டிகிரி செல்சியஸ் வெப்பத்தில், பிஎச் 2 அளவு அமிலத்தில் செழிக்கிறது. அதற்குச் சுவரே கிடையாது, வெறும் சவ்வுதான். சூடோமியூரின் என்ற உறுதியான சுவரைக் கட்டிக்கொண்ட மெத்தனோபிரெவிபாக்டர் எங்கே இருக்கிறது? மாட்டின் அசையூண் இரைப்பையில், நம் பெருங்குடலில். வேளாவேளைக்குச் சாப்பாடு வந்து சேரும் வெதுவெதுப்பான இடங்களில். வெப்பத்தையும் அமிலத்தையும் தாங்கும் பொறுப்பில் பெரும்பங்கு சவ்வுடையது. ஆர்க்கியாவின் சவ்வுக் கொழுப்புகளில் எளிதில் அறுபடாத ஈதர் பிணைப்புகள் உண்டு. பல வகைகளில் ஒரே மூலக்கூறு சவ்வின் இரு பக்கத்தையும் ஊடுருவி நிற்கும்.

வரலாறு வேண்டுவோருக்காக ஒரு வார்த்தை. பாக்டீரியாச் சுவரின் பெப்டிடோகிளைக்கான் இந்த உயிர்களிடம் இல்லை என்று 1970களில் ஜெர்மனியின் ஓட்டோ காண்ட்லர் காட்டினார். அமெரிக்காவின் கார்ல் வூஸ் ஆர்என்ஏவை ஒப்பிட்டு அதே திசையில் வந்துகொண்டிருந்தார். 1990இல் மார்க் வீலிஸுடன் சேர்ந்து இருவரும் உயிர்களை, ஆர்க்கியாவை ஒன்றாகக் கொண்ட மூன்று பெரும்பிரிவுகளாக வகுத்தார்கள். பென்சிலின் ஆர்க்கியாவிடம் பலிக்காததற்கும் பெப்டிடோகிளைக்கான் இல்லாததே காரணம். அது தாக்கும் இலக்கே அங்கே இல்லை.

பெரும்பாலான ஆர்க்கியாக்களின் மேலுடுப்பு எஸ்-லேயர். ஓரிரு வகைப் புரதங்கள் எண்ணற்ற பிரதிகளாகத் தாமாகவே கோத்துக்கொண்ட மெல்லிய படலம் அது. ஓர் அறைக்குள் லாரி லோடு டைல்ஸைக் கொட்டிவிட்டுக் கதவைச் சாத்துங்கள். திறந்தால் தரை முழுக்க வரிசை பிசகாமல் பதிந்திருக்கிறது. கொத்தனார் இல்லை, ரசமட்டம் இல்லை. சாக்கடலில் கிடைத்த ஹாலோஃபெராக்ஸ் வோல்கானியில் சிமெண்டுக்குப் பதில் கால்சியம் அயனி. ஒப்பீட்டை இன்னும் கொஞ்சம் இழுக்கலாம். தரை சமமானது, செல் அப்படியல்ல. அறுகோண டைல்ஸை மட்டும் வைத்து, பந்துபோல் மூடிய ஒரு பரப்பைச் சுற்றிலும் பதிக்கவே முடியாது. கணிதம் விடாது, இடையிடையே ஐங்கோணம் வேண்டும். மேஸ்திரி என்றால் வெட்டு மெஷினை எடுப்பார். 2021இல் இந்தப் படலத்தை அணு அளவில் ஆராய்ந்தபோது, அதே புரதம் ஆறுக்குப் பதில் ஐந்தாகக் கூடி, தன் பகுதிகளை வேறு கோணத்தில் மடக்கிக்கொண்டு வளைவை அடைப்பது தெரிந்தது. டைல் தன்னைத்தானே இடத்துக்கேற்ப ஒடுக்கிக்கொள்கிறது! அதோடு, எந்த வீட்டுக்காரரும் ஒப்புக்கொள்ளாத விதமாக, இந்தத் தரை முழுக்கச் சில நானோமீட்டர் அளவுள்ள ஓட்டைகள்.

122 டிகிரி வரை வளரும் மெத்தனோபைரஸ் காண்ட்லெரிக்குச் சூடோமியூரின் சுவர் உண்டே என்று மடக்கலாம். உண்டுதான். ஆனால் 113 டிகிரி வரை தாங்கும் பைரோலோபஸ் ஃபுமாரி வெறும் புரதப் படலத்தோடு காலம் தள்ளுகிறது. அப்படியானால் அந்தப் படலமே கவசமாக இருக்கலாமே? அமில வெந்நீர் ஊற்றுகளின் சல்ஃபோலோபஸ் இஸ்லாண்டிகஸில், படலத்துக்கான மரபணுக்களை நீக்கிப் பார்த்தார்கள். செல்கள் சாகவில்லை. வடிவம் கெட்டது, பிரிவதில் குழப்பம் வந்தது, சில பூதாகாரமாக வீங்கின, உப்புச்செறிவின் அழுத்தத்துக்குப் பலவீனப்பட்டன. ஆக, படலம் உருவத்தைக் காக்கிறது. ஆனால் வெந்நீரில் உயிர் தரிக்க அது கட்டாயமில்லை. படலம் எங்கும் செல்லுபடியாகும் கவசமல்ல என்பதற்கு இன்னொரு சாட்சி: உப்பளத்து ஹாலோபாக்டீரியத்தை நல்ல தண்ணீரில் போட்டால் வெடித்தே போகும். அதன் உடுப்பும் உடலும் உப்போடு சேர்ந்தே நிற்பவை. உப்பு குறைந்தால் இரண்டும் குலைந்துவிடும்.

காவல் முதல் வேலை இல்லையென்றால் இவ்வளவு புரதத்தை எதற்காகச் செலவழிக்க வேண்டும்? எனக்குத் தெரிந்த சிறந்த பதில் சாதாரணக் கடல்நீரில் இருக்கிறது. சியாட்டில் மீன்காட்சியகத்துத் தொட்டியிலிருந்து 2005இல் தனிப்படுத்தப்பட்ட நைட்ரோசோபியூமிலஸ் மாரிட்டிமஸ், அம்மோனியாவை ஆக்சிஜனேற்றிப் பிழைப்பது. கடலில் அம்மோனியம் அரிது. 2024இல் வெளியான ஆய்வின்படி, இதன் எஸ்-லேயர் ஓட்டைகளைச் சுற்றி எதிர்மின்னேற்றம் மிகுந்திருக்கிறது. அது நேர்மின் அம்மோனியத்தை இழுத்து, படலத்துக்கும் சவ்வுக்கும் நடுவே சேர்த்துவைக்கிறது. பம்ப் இல்லாமல், ஆற்றல் செலவில்லாமல் எப்படி என்று சந்தேகிப்பது நியாயம். மின்னேற்றம் அயனிகளைப் பிடித்து நிறுத்த ஆற்றல் செலவு வேண்டியதில்லை. உள்ளே நொதி தின்னத் தின்னக் காலியாகும் இடத்துக்கு அடுத்தது வருகிறது. ஆனாலும் அயனிகள் நகர்வதைக் காட்டியதில் கணினி உருவகத்துக்குப் பெரிய பங்குண்டு. அதற்குள் இதை வைத்து வடிகட்டிகள் செய்து உலகத்தைத் திருத்தும் பேச்சுக்கு அவசரமில்லை. சல்ஃபோலோபஸுக்குச் செய்ததுபோல, படலமில்லாத நைட்ரோசோபியூமிலஸை அம்மோனியம் அருகிய நீரில் வளர்த்து, அது எவ்வளவு பின்தங்குகிறது என்று அளந்தால்தான் இந்த வழக்கு தீரும்.